பெயர்ப்பலகை நிற்கும் மனை

தார்ப்பாயின் மூன்று மூலைகளைக் கட்டியாகிவிட்டது. நான்காவதைக் கட்ட இடமில்லை. நாகவேணி கயிற்றைக் கையில் சுற்றிக்கொண்டு நின்றாள்.

வீட்டின் முன்கூடத்துக்கு நான்கு தூண்கள். மூன்று எழும்பி, தலையில் கம்பிகள் நீட்டிக்கொண்டிருந்தன. நான்காவது தூண் இருக்கவேண்டிய இடத்தில் முழங்கால் உயரத்துக்கு உடைந்த கான்கிரீட், அதற்கு மேல் வளைந்த கம்பி. கம்பியில் கட்டினால் தார்ப்பாய் கிழியும். கட்டாமல் விட்டால் காற்று தூக்கிக்கொண்டு போகும். வைகாசி முடிகிற சமயம். மேற்கே கடல் பக்கம் வானம் ஏற்கெனவே கறுத்திருந்தது.

நாற்காலியில் உட்கார்ந்திருந்த அவள் கணவர் வாசுதேவ ஹண்டே வலது கையால் தென்னைமரத்தைக் காட்டினார். இடது கை மடியில் கிடந்தது. பக்கவாதம் வந்த நாளிலிருந்து அது அங்கேதான் கிடக்கிறது.

"கயிறு எட்டாது," என்றாள் நாகவேணி.

அவர் ஏதோ சொன்னார். வாய் ஒரு பக்கம் இழுத்துக்கொள்வதால் மற்றவர்களுக்குப் புரியாது. அவளுக்குப் புரிந்தது. இன்னொரு கயிற்றை முடிச்சுப் போடச் சொல்கிறார். முடிச்சுப் போடுவதற்குள் வாசலில் கார் வந்து நின்றது.

பொறியாளர் சங்கத்துக்காரர்கள். நான்கு பேர். கையில் ஆப்பிள், ஒரு சீப்பு வாழைப்பழம். முன்னால் வந்தவர் செயலாளர் பிரசன்ன மைய. வேலிப்படலைத் திறக்கப் போனவர் கையை எடுத்துக்கொண்டார். படலுக்குப் பக்கத்தில் ஒரு பெயர்ப்பலகை நின்றது. வெள்ளைத் தகரத்தில் நீல எழுத்து: ஜயசீல ஷெட்டி, கட்டடப் பொறியாளர். பிரசன்ன மைய அதைப் படித்தார். அதில் என்ன எழுதியிருக்கிறது என்று அவருக்குத் தெரியும். இருந்தும் படித்தார். பிறகு செல்பேசியை எடுத்தார்.

"ஷெட்ரே, பிரசன்ன மைய பேசறேன். ஹண்டேரைப் பார்க்க வந்திருக்கோம். உள்ள போகலாமா? இல்ல இல்ல, வேலை விஷயமே இல்ல மாராய்ரே. சும்மா ஆப்பிள்."

ஷெட்டி போகச் சொல்லியிருக்க வேண்டும். ஆனாலும் நால்வரும் கட்டடத்துக்குள் கால் வைக்கவில்லை. சுற்றிக்கொண்டு போய், பின்னால் விறகு அடுக்குவதற்காக எப்போதோ போட்ட ஓட்டுக் கொட்டகையின் முன்னால் நின்றார்கள். ஹண்டேயும் நாகவேணியும் இப்போது அந்தக் கொட்டகையில்தான் குடியிருக்கிறார்கள். நாகவேணி கயிற்றை விட்டுவிட்டு, கணவரை நாற்காலியோடு இழுத்துக்கொண்டு அங்கே வந்தாள். தார்ப்பாயின் நான்காவது மூலை காற்றில் படபடத்தது. வயதில் மூத்தவரான ஹெர்ளெ அதைப் பிடிப்பதற்கு இரண்டடி வைத்தார். பிரசன்ன மைய தொண்டையைச் செருமினார். ஹெர்ளெ கையைச் சட்டைப் பைக்குள் விட்டுக்கொண்டு, வானத்தைப் பார்த்து, இந்த வருஷம் மழை முன்னாலேயே வரும்போல என்றார்.

ஹண்டே இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குக் கோபம் வரவில்லை. நேராக இருந்த பாதி முகத்தில் ஒரு திருப்திகூடத் தெரிந்தது. இந்த ஒழுங்கை அவர்களுக்குக் கற்றுக்கொடுத்தவர் அவர்தான்.

*

ஹண்டே பொறியாளராக எங்கள் தாலூகாவுக்கு வேலை தேடி வந்தபோது இங்கே சங்கம் என்று எதுவும் கிடையாது. உடுப்பியிலிருந்து பொறியாளர்கள் பஸ்ஸில் வருவார்கள், கடைத்தெருவில் காப்பி குடித்தபடியே வரைபடம் போட்டுக் கொடுத்துவிட்டுப் போவார்கள். ஹண்டேவுக்குக் கிடைத்த முதல் பெரிய வேலை, மும்பையில் ஹோட்டல் வைத்துச் சம்பாதித்த ஒருவர் இங்கே கட்ட நினைத்த லாட்ஜ். வயலை நிரப்பிய மனை. கறுப்புக் களிமண். ஹண்டே ஒரு மழைக்காலம் முழுக்க அந்தக் குழியோடு மல்லுக்கட்டி அஸ்திவாரத்தை மேலே கொண்டுவந்தார். மழை விட்டதும் இன்னொரு பொறியாளர் வந்தார். மென்மையாகப் பேசினார், கூலி குறைவாகக் கேட்டார். ஒரு காலையில் ஹண்டே போனபோது அவருடைய பெயர்ப்பலகை பிடுங்கப்பட்டு, சாரம் ஏறுகிறவர்களுக்குப் படியாகக் கிடந்தது. சேறு பட்ட கால்தடங்கள் அவர் பெயர்மேல். பிறகு லாட்ஜின் பக்கச் சுவர் விரிசல் விட்டது. அஸ்திவாரம் போட்டவன் சரியில்லை என்று புதியவர் ஊரெல்லாம் சொன்னார். ஹண்டேவுக்கு இரண்டு வருஷம் ஒரு மாட்டுக்கொட்டகை வேலைகூட வரவில்லை.

அந்தத் தகரப் பலகையை அவர் வீட்டுக்கு எடுத்துவந்தார். கழுவவில்லை.

கொஞ்ச காலம் கழித்து, இதேபோல அடிபட்ட சிலரைச் சேர்த்துக்கொண்டு, பஸ் நிலையத்துக்கு எதிரே சைவ ஹோட்டலின் மாடியறையில் அவர் சங்கத்தைத் தொடங்கினார். விதிகளை அவரே எழுதினார். சந்தா, கூட்டம், தேர்தல் என்று எல்லாச் சங்கங்களிலும் இருப்பவைதான். நான்காவது விதி மட்டும் அவருடையது. ஒரு மனையில் ஓர் உறுப்பினரின் பெயர்ப்பலகை நிற்கும்வரை வேறு உறுப்பினர் அந்த மனையில் கால் வைக்கக்கூடாது, வரையக்கூடாது, அபிப்பிராயம் சொல்லக்கூடாது. பலகையை நட்டவர் தன் கையால் பிடுங்க வேண்டும். அல்லது ஆட்சேபம் இல்லை என்று எழுதித் தரவேண்டும்.

விதி வேலை செய்தது. யாரும் யாருடைய வேலையையும் பறிக்கவில்லை. மேஸ்திரிகளும் கட்டுப்பட்டார்கள். சங்கத்துக்கு ஆகாத மேஸ்திரிக்குத் தாலூகாவில் சித்தாள் வேலைகூடக் கிடையாது. எங்கள் சங்கத்துக்குச் சொந்தக் கட்டடம் வந்தது, சிமென்ட் கம்பெனிகள் செலவில் சுற்றுலா வந்தது, பொருட்காட்சி வந்தது. ஹண்டே பல வருஷம் செயலாளராக இருந்தார்.

அவருடைய கண்டிப்பைப் பற்றிச் சொல்லும்போதெல்லாம் எல்லோரும் கிரிஜாவின் வீட்டைச் சொல்வார்கள். கிரிஜா மீன் சந்தையில் கடை போடுகிறவள். கணவன் படகோடு போனவன் திரும்பவில்லை. அவள் கட்டத் தொடங்கிய சின்ன வீட்டின் பொறியாளர் பாதியில் துபாய்க்குப் போய்விட்டார். பலகை மனையில் நின்றது. கடிதம் வாங்கிவரச் சொல்லி ஹண்டே அவளைத் திருப்பி அனுப்பினார். துபாயில் எங்கே போய்த் தேடுவாள். இரண்டாவது முறை வந்தபோது அவள் வாசலிலேயே உட்கார்ந்துகொண்டாள். நாகவேணி அவளுக்கு மோர் கொடுத்தாள். ஹண்டே வெளியே வந்து, இது எனக்காக மட்டும் போட்ட விதி இல்லை, உன் பொறியாளருக்காகவும் போட்டது, விதி ஒருவருக்கு வளைந்தால் எல்லோருக்கும் உடையும் என்றார். மோர் டம்ளரைத் திண்ணையில் கவிழ்த்து வைத்துவிட்டு அவள் போனாள். இரண்டு மழையில் செம்பூரான்கல் சுவர்களில் பாசி ஏறி, உள்ளே ஆமணக்கு முளைத்தது. மனையை அப்படியே விற்றாள். அந்த வருஷ ஆண்டு விழாவில் தலைவர் இதைச் சொல்லி ஹண்டேவைப் பாராட்டினார். நாங்கள் கை தட்டினோம்.

*

சங்கத்தில் இன்னொரு வழக்கம் உண்டு. அது எழுதப்படாதது. பொறியாளர் தன் வீட்டைத் தானே கட்டமாட்டார். சக உறுப்பினர் ஒருவர் அதை மரியாதையாக ஏற்று, கூலி வாங்காமல் கட்டிக்கொடுப்பார். மனையில் அவர் பலகையே நிற்கும்.

ஹண்டே தன் பழைய ஓட்டுவீட்டை இடித்துப் புது வீடு கட்ட முடிவு செய்தபோது, தலைவராக இருந்த ஜயசீல ஷெட்டி தானே முன்வந்தார். பலகைக்கு மாலை போட்டுப் படம் எடுத்துக்கொண்டார்கள். ஷெட்டி கெட்ட பொறியாளர் இல்லை. வேலைகள் அதிகம், மனைக்கு வருவது குறைவு. அவ்வளவுதான்.

முன்கூடத்தின் நான்காவது தூணுக்குக் கான்கிரீட் வார்த்த அச்சைப் பிரித்த அன்று ஷெட்டி ஊரில் இல்லை. ஹண்டே பின்னால் கொட்டகையில் பல் விளக்கிக்கொண்டிருந்தார். வாயில் நுரையோடு எழுந்து வந்து பார்த்தார். தூணின் இடுப்பில் கலவை இறங்கவில்லை. ஜல்லி தனித்தனியாகத் தெரிந்தது. விரலை விட்டால் கம்பியில் இடித்தது. அவர் விரலை விட்டுப் பார்த்தார். பிறகு சஞ்சீவ மேஸ்திரியிடம் சம்மட்டியை எடுக்கச் சொன்னார். மேஸ்திரி ஷெட்டிக்குப் போன் போடலாம் என்றார். ஹண்டே சம்மட்டியைத் தானே எடுத்தார்.

இவ்வளவுதான் நடந்தது. வேறு யாராவது வீட்டுக்காரர் இப்படிச் செய்திருந்தால் ஷெட்டி சிரித்துக்கொண்டே திரும்பக் கட்டிக்கொடுத்திருப்பார். ஆனால் ஹண்டே உறுப்பினர். இன்னொருவர் பலகை நிற்கும் மனையில், சித்தாள்கள் பார்க்க, அபிப்பிராயம் சொல்லிவிட்டார். சம்மட்டியால் சொல்லிவிட்டார். சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்கத் தெரிந்தது. ஷெட்டியின் இரண்டு வீட்டுக்காரர்கள் தங்கள் தூண்களையும் தட்டிப் பார்க்கச் சொன்னார்கள். ஒருவர் விலகியே போனார்.

ஷெட்டி சத்தம் போடவில்லை. வேலையை நிறுத்தினார். பொதுக்கூட்டத்தில் ஹண்டே எழுந்து, அந்தத் தூண் நன்றாகத்தான் இருந்தது என்று சொல்லட்டும், மறுநாளே வேலை தொடங்கும் என்று செயலாளரிடம் சொல்லியனுப்பினார். பலகையைப் பிடுங்கவில்லை. கடிதமும் தரவில்லை.

ஹண்டே சொல்ல மறுத்தார். தான் மனையில் தலையிட்டது தப்பு, அதற்கு மன்னிப்புக் கேட்கிறேன், தூண் மோசம்தான் என்று எழுதியனுப்பினார். முதல் பாதி போதாது என்று ஷெட்டி சொன்னார். இப்படியே குளிர்காலம் போயிற்று. சித்திரையில் ஒரு காலை ஹண்டே குளித்துவிட்டு வேட்டி கட்டும்போது இடது பக்கமாகச் சாய்ந்தார்.

*

ஆஸ்பத்திரியிலிருந்து வந்தபின் நாகவேணி ஒவ்வொரு பொறியாளர் வீட்டுக்கும் போனாள். எல்லோரும் உட்காரச் சொன்னார்கள். காப்பி கொடுத்தார்கள். ஹண்டேயின் உடம்பைப் பற்றி விசாரித்தார்கள். ஒருவர் நல்ல மூலிகை எண்ணெய் சொன்னார். பிறகு ஷெட்டியின் கடிதத்தைப் பற்றிக் கேட்டார்கள். ஹெர்ளெ மட்டும் அவளை வாசல்வரை வந்து வழியனுப்பி, ஹண்டே நன்றாக இருந்திருந்தால் இதற்கு நாங்கள் என்ன செய்ய வேண்டும் என்று அவரே சொல்லியிருப்பார் என்றார். அவர் அதை நல்ல எண்ணத்தோடுதான் சொன்னார்.

சஞ்சீவ மேஸ்திரியிடம், பொறியாளரே வேண்டாம், நீயே தூணை எழுப்பிக் கூரைத் தளத்தைப் போட்டுவிடு என்று கேட்டாள்.

"அக்கா, உங்களுக்கு ஒரு வீடு. எனக்கு வருஷம் பூரா பிழைப்பு," என்றார் மேஸ்திரி. அவரும் காப்பி கொடுத்தார்.

கடைசியில் அவள் ஷெட்டியிடமே போனாள். ஷெட்டி எழுந்து நின்று வரவேற்றார். அவருடைய மனைவி நீர்தோசை சாப்பிட்டுத்தான் போகவேண்டும் என்றாள். நாகவேணி சாப்பிட்டாள். சாப்பிடும்போதே கேட்டாள், மழைக்குள் தளம் போட்டுத் தரமுடியுமா என்று.

"அக்கா, நான் அவர்கிட்ட நிலத்தையா கேட்டேன்? ஒரே ஒரு வார்த்தை. சபையில."

"அவருக்கு வாய் சரியா வரலையே ஷெட்ரே."

"மெதுவா சொல்லட்டும். நாங்க காத்திருக்கோம்."

அவள் திரும்பிவந்து ஹண்டேயிடம் சொன்னாள். அவர் சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தார். அப்புறம் சில நாட்கள் அவர்களுக்குள் பேச்சே தூணைப் பற்றித்தான். வாடகை வீட்டுக்குப் போகலாம் என்று அவள் சொன்னதற்கு அவர் சம்மதிக்கவில்லை. மனையைவிட்டுப் போனால் பலகைதான் மிஞ்சும். தூண் பெரிதா தலைக்கு மேல் கூரை பெரிதா என்று அவள் கேட்டாள். தூண் இல்லாமல் கூரை ஏது என்று அவர் இழுத்து இழுத்துச் சொன்னார். பொறியாளர் பதில். உடைந்த கான்கிரீட் துண்டு ஒன்றை அவர் கட்டிலுக்குக் கீழே வைத்திருந்தார். அதை வெளியே எறிந்தாள். மறுநாள் அது கட்டிலுக்குக் கீழேயே இருந்தது. நடக்க முடியாதவர் எப்படி எடுத்தார் என்று அவளுக்குத் தெரியவில்லை.

சங்கத்துக்காரர்கள் ஆப்பிள் கொண்டுவந்தது இந்தச் சமயத்தில்தான். பிரசன்ன மைய வந்த விஷயத்தைச் சொன்னார். ஞாயிற்றுக்கிழமை ஆண்டுப் பொதுக்கூட்டம். நிறுவனச் செயலாளர் என்ற முறையில் ஹண்டேவுக்குப் பொன்னாடை, தலைப்பாகை, பழத்தட்டு. மேடையில் அவர் இரண்டு வார்த்தை பேசினால் எல்லோருக்கும் சந்தோஷம். எந்த இரண்டு வார்த்தை என்று அவர் சொல்லவில்லை.

அவர்கள் போனபின் நாகவேணி ஆப்பிளைக் கழுவி நறுக்கினாள். ஒரு துண்டை அவர் வாயில் வைத்தாள்.

"நேத்து சந்தையில கிரிஜாவைப் பார்த்தேன்," என்றாள். "உங்க உடம்பைப் பத்திக் கேட்கல. ஒண்ணும் குத்திப் பேசல. உங்க வீடு முடிஞ்சுதா அக்கான்னு மட்டும் கேட்டா."

ஹண்டே மெல்லுவதை நிறுத்தினார். கடைவாயில் சாறு வழிந்தது. அவள் துடைத்தாள்.

"நான் என்ன சொன்னேன்னு நீங்க கேட்கலையே. முடியலன்னேன். ரெண்டு மீனை எடுத்து என் பையில போட்டா. நம்ம வீட்டுல மீன் கிடையாதுன்னு அவளுக்குத் தெரியும். இருந்தும் போட்டா. வாங்கிக்கிட்டேன். வழியில நாய்க்குப் போட்டேன்."

பேசிவிட்டு அவள் தார்ப்பாயைக் கட்டப் போனாள். இன்னொரு கயிற்றை முடிச்சுப் போட்டதும் தென்னைக்கு எட்டியது. ஆனால் பாய் நடுவில் தொங்கியது. இருட்டும்வரை அவர் அந்தத் தொங்கலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு அவளைக் கூப்பிட்டு, ஞாயிற்றுக்கிழமைக்கு வெள்ளைச் சட்டையை எடுத்துவைக்கச் சொன்னார்.

*

கூட்டம் எங்கள் சங்கக் கட்டடத்தில், மாடியில். ஹண்டேவை நாற்காலியோடு தூக்கிக்கொண்டு போனார்கள். கட்டடம் அவர் காலத்தில் கட்டியது. படிகளில் பாதியில் நின்று, கைப்பிடியைத் தட்டிப் பார்த்தார். எல்லோரும் சிரித்தார்கள்.

தலைப்பாகை ஒரு பக்கமாக இறங்கியது. நாகவேணி சரிசெய்தாள். பிரசன்ன மைய நான்காவது விதியைப் பற்றிப் பேசினார். இன்று இந்தத் தாலூகாவில் ஒரு பொறியாளர் தன் பலகையை நட்டுவிட்டு நிம்மதியாகத் தூங்க முடிகிறதென்றால் அதற்கு இவர்தான் காரணம் என்றார். பிறகு மைக்கை ஹண்டேயின் வாயருகே பிடித்தார்.

"தூ..." என்றார் ஹண்டே. நின்றது. மறுபடி "தூ..."

முன்வரிசையில் ஷெட்டி கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஹண்டேயின் கழுத்து நரம்பு புடைத்தது. எச்சில் சால்வையில் விழுந்தது. நாகவேணிக்குப் பார்க்க முடியவில்லை. மைக்கைத் தன் பக்கம் இழுத்தாள்.

"அந்தத் தூண் நல்லாத்தான் இருந்ததுன்னு சொல்றார்," என்றாள்.

கூடத்தில் ஓர் ஆறுதல் பரவியது. சிலர் கை தட்டத் தொடங்கினார்கள். ஷெட்டி எழுந்தார். குரலை உயர்த்தவில்லை.

"அக்கா மன்னிக்கணும். நீங்க உறுப்பினர் இல்லை."

கைதட்டல் நின்றது. பிரசன்ன மைய விதிப் புத்தகத்தைப் புரட்டவேண்டிய அவசியம் இல்லை. உறுப்பினர் அல்லாதவர் சபையில் சொல்வது பதிவாகாது. அதுவும் ஹண்டே எழுதியதுதான். நாகவேணி கணவரைப் பார்த்தாள். அவர் தலையை அசைத்தார். ஆமாம், ஷெட்டி சொல்வது சரி என்கிற அசைப்பு.

அவர் வலது கையை நீட்டி மைக்கை வாங்கிக்கொண்டார். நாங்கள் காத்திருந்தோம். மின்விசிறிச் சத்தம் மைக்கில் கேட்டது.

"தூண்," என்றார். மூச்சு வாங்கினார். "நல்லா." கீழே சமையல்காரர் எதையோ எண்ணெயில் போடும் சத்தம். "இருந்தது."

தெளிவாகவே சொன்னார். பக்கவாதத்துக்குப் பிறகு அவ்வளவு தெளிவாக அவர் எதையும் சொன்னதில்லை. ஷெட்டி மேடையேறி அவர் காலைத் தொட்டுக் கும்பிட்டார். ஷெட்டியின் கண் கலங்கியிருந்தது. நடிப்பு இல்லை. எல்லோரும் எழுந்து நின்று தட்டினார்கள். பெரிய மனசு என்று ஹெர்ளெ பக்கத்திலிருந்தவரிடம் சொன்னார். சாப்பாட்டில் கோலிபஜ்ஜியும் கடலைப்பருப்புப் பாயசமும். ஹண்டே பாயசத்தைத் தொடவில்லை. நாகவேணி இரண்டு முறை வாங்கிக் குடித்தாள்.

மறுநாள் காலை மழை பிடித்தது. சொன்னபடி ஷெட்டி வந்தார். சஞ்சீவ மேஸ்திரியும் வந்தார். ஷெட்டி குடையோடு முன்கூடத்தில் நின்று மேலே பார்த்தார், உடைந்த தூணின் கம்பியில் துருவைச் சுரண்டிப் பார்த்தார். இந்த மழையில் தளம் போடக்கூடாது, நவராத்திரி கழிந்ததும் ஆரம்பிக்கலாம் என்றார். சரியான பேச்சு. எந்தப் பொறியாளரும் அதைத்தான் சொல்வார். ஹண்டே தலையசைத்தார். தார்ப்பாயின் நடுவில் தண்ணீர் தேங்கித் தொங்கியது. ஷெட்டி மேஸ்திரியிடம் ஏதாவது செய்யச் சொன்னார். மேஸ்திரி ஒரு கமுகு மரத்துண்டைக் கொண்டுவந்து, நான்காவது தூணுக்குப் பக்கத்தில் குழி தோண்டி நட்டு, பாயின் மூலையை அதில் கட்டினார். குழிக்கு ஆழம் போதாது. ஹண்டே பார்த்துக்கொண்டிருந்தார். காற்றில் சாய்ந்திருந்த பெயர்ப்பலகையை ஷெட்டி நிமிர்த்தி, அடியில் கல் வைத்து இறுக்கினார். நாகவேணி காப்பி கொண்டுவந்தாள். ஷெட்டி சர்க்கரை இல்லாமல் குடிப்பார் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. அவர்கள் போனபின் அவள் அரிசி களைந்தாள். மத்தியானம் கஞ்சியும் மாங்காய் ஊறுகாயும். மழை விடவில்லை.